அறுபதுக்கு ஒரு குறுக்கு வழி

நம் செல்போன் கடைக் கவுண்டருக்குப் புதிதாக வேலைக்கு வந்திருக்கும் உங்களுக்கு நான் ஏதாவது எழுதித் தர வேண்டும் என்று பாய் கேட்டுக்கொண்டார். பாய் என்றால் நம் கடை முதலாளி. சேலத்துக்காரர். என்னைவிடப் பன்னிரண்டு வயது சின்னவர், ஆனால் கடைக்குள் அவர் பேச்சுக்கு நான் கட்டுப்பட்டவன். நான் ஓய்வு பெற்று இரண்டு வருஷம் ஆகிறது. “டெக்னிக்கல் சமாச்சாரம் எல்லாம் வீடியோ பாத்துக் கத்துக்குவாங்கண்ணே. நீங்க சொதப்பினதை எழுதுங்க” என்றார். சொதப்பியதை எல்லாம் எழுதினால் நோட்டு பத்தாது. அதனால் ஒன்றே ஒன்றை எழுதுகிறேன். அதில் நான் செய்த தப்புக்கு நான் எதையும் இழக்கவில்லை. இழந்தவர் வேறொருவர். அவர் என் முகத்தைக்கூட அதுவரை பார்த்ததில்லை.

திருச்செங்கோட்டில் நம் கடைக்கு வருகிறவர்களில் பாதிப் பேருக்கு ஒரே புகார்தான். “பேட்டரி நிக்க மாட்டீங்குதுங்க.” மீதிப் பாதிப் பேருக்கு, “போன் வழுக்கிட்டுப் போக மாட்டீங்குதுங்க.” இரண்டுக்கும் நடுவில்தான் அந்த எண் இருக்கிறது. திரை ஒரு வினாடிக்கு எத்தனை தடவை தன்னைப் புதுப்பித்துக்கொள்கிறது என்ற எண். அறுபதில் வைத்தால் போதுமான அளவு ஓடும், பேட்டரி நிற்கும். நூற்றிருபதில் வைத்தால் விரல் பட்டதும் வெண்ணெய் மாதிரி நழுவும், பேட்டரியும் கூடவே நழுவும். விளையாடுகிற காலேஜ் பசங்களுக்கு நூற்றிருபது வேண்டும், அது நியாயம். ஆனால் கண்ணாடி போடாவிட்டால் பூட்டில் சாவி போடத் தெரியாதவர்களும் நூற்றிருபதுதான் வேண்டும் என்பார்கள், ஏனென்றால் மச்சான் போனில் அது இருக்கும்.

அப்படி ஒருவரை நான் ஒருமுறை ஏமாற்றினேன். பேட்டரி நிற்கவில்லை என்றும் புலம்பினார், நூற்றிருபதைக் குறைக்கவும் விடவில்லை. நான் அறுபதுக்கு மாற்றிவிட்டு, “நூற்றிருபதுதான் சார், கொஞ்சம் டியூன் பண்ணியிருக்கேன்” என்றேன். அவர் மேலும் கீழும் தள்ளிப் பார்த்துவிட்டு, “ஆகா, இப்பத்தான் வழுக்குது” என்று சந்தோஷமாகப் போனார். நான் சிரித்துச் சிரித்துக் கடை முழுக்கச் சொன்னேன். பாய் மட்டும் சிரிக்கவில்லை. “அவர் நம்பிட்டுப் போறாருண்ணே, அதுல என்ன சிரிப்பு?” என்று கேட்டார். இவருக்கு நகைச்சுவையே கிடையாது என்று நினைத்துக்கொண்டேன்.

பாயிடம் ஒரு வழக்கம் உண்டு. இன்றைக்கும் இருக்கிறது, நீங்களே பார்த்திருப்பீர்கள். பேட்டரிப் புகாரோடு யார் வந்தாலும், போனைக் கையில் வாங்குவதற்கு முன்னால் ஒரு கேள்வி கேட்பார். “இந்த போன்ல எது நின்னு போனா உங்களுக்குச் சோறு இறங்காது?” ஒருவர் பேரப்பிள்ளை வீடியோ கால் என்பார், ஒருவர் பேங்க் மெசேஜ் என்பார். அதைக் கேட்டுக்கொண்டு பிறகுதான் செட்டிங்கில் கை வைப்பார். ஒரு ஆளுக்குப் பத்து நிமிஷம் ஆகும். வரிசை வாசல் வரை நிற்கும்போது இவர் ஊர்க்கதை கேட்டுக்கொண்டிருக்கிறாரே என்று எனக்கு எரிச்சலாக இருக்கும். டிவி மெக்கானிக்காக ஆரம்பித்து முப்பது வருஷம் பெஞ்சில் உட்கார்ந்தவன் நான். எனக்கு வாடிக்கையாளர் தேவையில்லை, பொருள் போதும் என்று ஒரு திமிர்.

இனி அந்த நாள். வைகாசி மாதத்து முகூர்த்த நாள். பாய் சேலம் போயிருந்தார். பஸ் ஸ்டாண்டில் இறங்குகிற கூட்டம் முழுக்கக் கல்யாணத்துக்கு வந்த கூட்டம், அதில் பாதி நம் கடைக்குள் எட்டிப் பார்த்துவிட்டுத்தான் மண்டபத்துக்குப் போகும். வெயிலோ சொல்ல வேண்டாம். கவுண்டரில் நானும் இன்னொருவரும்தான்.

முதலில் வந்தவர் ஒரு ரிக் மேனேஜர். வெளிமாநிலத்தில் ஓடும் போர்வெல் வண்டியை இங்கே உட்கார்ந்து போனிலேயே நடத்துகிறவர். அவருக்கும் பேட்டரிதான் பிரச்சினை. அந்த வருஷம் வந்த சில மாடல்களில் திரை எண்ணை மாற்றும் இடத்தைத் தேடிக் கண்டுபிடிப்பதற்குள் விரல் தேய்ந்துவிடும். ஒரு கம்பெனி அதை டிஸ்ப்ளேயில் வைக்கும், ஒரு கம்பெனி கூடுதல் வசதிகள் என்ற தலைப்புக்குள் ஒளிக்கும். நான் ஒரு குறுக்கு வழி வைத்திருந்தேன். மேலிருந்து திரையை இழுத்து பேட்டரி சேவரைத் தட்டிவிட்டால் எண் தானாக அறுபதுக்கு இறங்கிவிடும். ஒரே தட்டு. அதையே நிரந்தரமாக இருக்கும்படி வைத்துவிட்டால் வேலை முடிந்தது. அது எண்ணை மட்டும் குறைக்காது, பின்னணியில் ஓடும் செயலிகளையும் சேர்த்துத் தூங்க வைக்கும் என்பது எனக்குத் தெரியாத விஷயம் இல்லை. தெரியும். ‘தெரிந்து என்ன, மெசேஜ் ரெண்டு நிமிஷம் தாமதமா வந்தா குடியா முழுகிப்போகும்’ என்று நினைத்தேன்.

அவருக்கு அடுத்து வந்தவர் மரகதம் அம்மா. ஐம்பது வயது இருக்கும். பட்டுப்புடவை, கையில் புது போன். நாமக்கல் ரோட்டில் உள்ளே தள்ளி ஒரு கோழிப்பண்ணை அவருடையது. வீட்டுக்காரர் ரிக் தொழிலில் வருஷத்தில் பத்து மாதம் வெளியூரில் இருப்பவர். பண்ணையைக் கட்டி ஆள்வது இவர்தான்.

“ஏனுங்க, பையன் வாங்கிக் குடுத்தானுங்க. நல்லா இருக்குதுன்னு என்னமோ நூத்தியிருவதுல வெச்சுக் குடுத்துட்டுப் போயிட்டான். காலைல நூறு இருக்குது, நாலு மணிக்கெல்லாம் பதினஞ்சுக்கு வந்துருதுங்க. எனக்கு இது சாயங்காலம் வரைக்கும் உசுரோட இருக்கோணும்.”

“இருக்கும்மா, மாத்திடலாம்.”

“கோழி ஷெட்டு பூரா இதுலதானுங்க பாத்துக்கறேன். அங்க கரண்ட் போனாக்கூட இதுலதான் சத்தம் வரும்.”

“சரிங்கம்மா, சரிங்கம்மா” என்றேன். காதில் விழுந்தது, மண்டையில் ஏறவில்லை. பின்னால் ஏழெட்டுப் பேர் நின்றார்கள். மேலிருந்து இழுத்தேன், தட்டினேன், நிரந்தரமாக வைத்தேன், கொடுத்தேன். ஒரு நிமிஷம்கூட ஆகவில்லை. “அட, அவ்வளவுதானுங்களா?” என்று ஆச்சரியப்பட்டார். எனக்குப் பெருமையாக இருந்தது. “சங்ககிரி ரோட்டு மண்டபத்துல கண்ணாலமுங்க, போயிட்டு வாரேன்” என்று கிளம்பினார்.

ஒன்றே முக்கால் மணிக்கு ரிக் மேனேஜர் திரும்பி வந்தார். வந்தவர் போனைக் கவுண்டரில் வைத்த வேகத்தில் கண்ணாடி உடையவில்லையே என்று பார்த்தேன்.

“ஏனுங்க, என்ன வேலை பண்ணி வெச்சிருக்கறீங்க? காலைல இருந்து ஒரு மெசேஜ் இல்லீன்னு நான் பாட்டுக்கு உக்காந்துட்டு இருக்கறேன். இப்பத் தொறந்தா பதினோரு மெசேஜ் மொத்தமா வந்து உளுகுது! அங்க குழிக்குள்ள பைப்பு மாட்டிக்கிட்டுக் கெடக்குதுங்க, நான் இங்க வடை தின்னுட்டு இருக்கறேன்!”

அவர் இன்னும் என்னென்னவோ திட்டினார். எனக்கு அது எதுவும் கேட்கவில்லை. ‘அங்க கரண்ட் போனாக்கூட இதுலதான் சத்தம் வரும்’ என்ற குரல்தான் கேட்டது.

உங்களில் பண்ணை பார்க்காதவர்கள் இருக்கலாம். பக்கவாட்டில் திறப்பே இல்லாத மூடிய ஷெட்டுகள் இப்போது நிறைய வந்துவிட்டன. ஒரு முனையில் பெரிய பெரிய ஃபேன்கள், மறுமுனையில் வரும் காற்றைக் குளிர வைக்கத் தண்ணீர் வடியும் அட்டைத் தடுப்பு, பேட் என்பார்கள். ஃபேன் ஓடும் வரை உள்ளே குளுகுளு என்று இருக்கும். நின்றால், வைகாசி வெயிலில், அத்தனை கோழியின் உடம்புச் சூடும் சேர்ந்து, இருபது நிமிஷத்தில் உள்ளே சாவு விழ ஆரம்பித்துவிடும். மரகதம் அம்மாவின் ஷெட்டில் பன்னிரண்டாயிரம் கோழிகள்.

கடை நோட்டில் இருந்த அவர் நம்பருக்கு நான்கு முறை கூப்பிட்டேன். எடுக்கவில்லை. அந்த இடத்தில் மனசு என்ன சொல்லும் தெரியுமா? கரண்ட் போயிருக்காது, போனாலும் ஜெனரேட்டர் இருக்கும், சாயங்காலம் அவரே வருவார், அப்போது சத்தமில்லாமல் மாற்றிக் கொடுத்துவிடலாம். இவ்வளவையும் சொல்லும். அதன் பேச்சைக் கேட்காமல் வண்டியை எடுத்தேன். இந்தக் கதையில் நான் உருப்படியாகச் செய்த காரியம் இது ஒன்றுதான், அதனால் கொஞ்சம் அழுத்தமாகவே சொல்லிக்கொள்கிறேன். சந்தேகம் வந்தால் நேரில் போங்கள். வரிசை நிற்கட்டும்.

மண்டபத்துக்குள் மேளம் காதைப் பிளந்தது. மூன்றாவது வரிசையில் மரகதம் அம்மா உட்கார்ந்திருந்தார், போன் மடியில் இருந்த பையில். “அந்த ஷெட் ஆப்பை ஒருக்காத் திறந்து பாருங்கம்மா” என்று அவர் காதருகே கத்தினேன். திறந்தார். திறந்ததும் எச்சரிக்கைகள் சிவப்பாக வரிசையாக வந்து விழுந்தன. கரண்ட் போய் இருபத்திரண்டு நிமிஷம். ஜெனரேட்டர் ஓடவில்லை. உள்ளே சூடு ஏறிக்கொண்டிருந்தது.

அந்த அம்மாளின் முகத்தில் ரத்தமே இல்லை. பண்ணையிலேயே குடியிருக்கும் முனியப்பனுக்குப் போன் போட்டார். ஆத்தூர்ப் பக்கத்திலிருந்து வந்து குடும்பத்தோடு தங்கி வேலை பார்ப்பவர். மணி அடித்த உடனே எடுத்துவிட்டார். பண்ணை வாசல் பக்கம் இருந்த குடோனில் முட்டை லோடு ஏற்றிக்கொண்டிருந்திருக்கிறார், லாரி எஞ்சின் ஓடிக்கொண்டிருந்ததில் ஃபேன் நின்றது தெரியவில்லை. ஓடிப்போய் ஜெனரேட்டரைக் கையால் ஸ்டார்ட் செய்தார். தானாக ஓட வேண்டிய மெஷின் அன்றைக்கு ஏதோ ஒரு ரிலே சுட்டுப்போய்ப் படுத்துவிட்டது. அதில் யாரையும் குறை சொல்ல முடியாது. ஃபேன் ஓடுகிறது என்று அவர் சொன்னதும் மரகதம் அம்மா அப்படியே நாற்காலியில் சாய்ந்துவிட்டார்.

முந்நூறு கோழிக்கு மேல் போய்விட்டது. இன்னும் கால் மணி நேரம் போயிருந்தால் பாதி ஷெட் போயிருக்கும்.

சுற்றி நின்ற சொந்தக்காரர்களிடம் அவர் சொன்னார். “இந்த மேளச் சத்தத்துல போன் அடிச்சது எனக்குக் கேக்கவே இல்லீங்க. இவரு என்னமோ மனசுல பட்டுதுன்னு கடையைப் போட்டுட்டு ஓடி வந்திருக்கறாரு. சாமி மாதிரி வந்தாருங்க.”

போன் அடிக்கவே இல்லை. நான் கூப்பிட்டது வேண்டுமானால் அடித்திருக்கும், ஷெட் எச்சரிக்கை அடிக்கவில்லை. அது எனக்கு மட்டும் தெரியும். அப்போது வாயைத் திறந்திருந்தால் இந்தக் கதையை நான் இவ்வளவு நீட்டி எழுத வேண்டியதில்லை. நான் என்ன செய்தேன் தெரியுமா? “குடுங்கம்மா, இன்னும் கொஞ்சம் சரி பண்ணித் தாரேன்” என்று போனை வாங்கினேன். சேவரை அணைத்தேன். டிஸ்ப்ளேக்குள் போய் முறையாக எண்ணை அறுபதில் வைத்தேன். காலையில் செய்திருக்க வேண்டிய அந்த வேலைக்கு இரண்டு நிமிஷம் பிடித்தது. தடயத்தை அழித்த திருடன் மாதிரி போனைத் திருப்பிக் கொடுத்தேன். அவர் காரில் பண்ணைக்குப் பறந்தார். என்னைக் கையைப் பிடித்து இழுத்துப்போய்ப் பந்தியில் உட்கார வைத்தார்கள், கல்யாண வீட்டுக்காரரே நின்று பாயசம் ஊற்றச் சொன்னார். சாப்பிட்டேன். வெட்கமில்லாமல் இரண்டாம் முறையும் பாயசம் வாங்கினேன்.

அடுத்த புதன்கிழமை பண்ணை வேன் கடை வாசலில் நின்று, இரண்டு அட்டை முட்டையை இறக்கிவிட்டுப் போனது. ‘அம்மா குடுக்கச் சொன்னாங்க’ என்றார் டிரைவர். ஒரு அட்டையைக் கடையில் பங்கு போட்டோம். ஒன்றை நான் வீட்டுக்கு எடுத்துப்போனேன். அதற்கடுத்த புதனும் வந்தது. அதற்கடுத்த புதனும் வந்தது. வீட்டில் ஆம்லெட், முட்டைக் குழம்பு, முட்டைப் பொரியல். நான் பெரிய ஆளாகிவிட்டேன் என்று வீட்டில் ஒரே கிண்டல். நான் மட்டும் தட்டில் முட்டையை ஒதுக்கி வைத்தேன்.

மூன்றாவது புதனன்று பாய் கவுண்டரில் இருந்தார். அட்டையைப் பார்த்தார். “எதுக்குண்ணே இது வாரா வாரம்?” என்று சாதாரணமாகத்தான் கேட்டார். சொல்லிவிட்டேன். ரிக் மேனேஜர் முதல் பாயசம் வரை எல்லாவற்றையும் சொன்னேன். திட்டுவார் என்று நினைத்தேன், வேலையை விட்டு நிற்கச் சொன்னாலும் சொல்லட்டும் என்று நினைத்தேன். அவர் அந்த அட்டையை என் பக்கமாகத் தள்ளினார்.

“அண்ணே, இவ்வளவு பெரிய தப்பு நடந்தா அது யார் மேலயாவது உக்காந்துதான் தீரும். உங்க மேல உக்காரலை. அப்ப வேற யார் மேல உக்காந்திருக்குன்னு போய்ப் பாருங்க.”

அப்போதும் எனக்குப் புரியவில்லை. ஜெனரேட்டர் விற்றவன் மேல் உட்கார்ந்திருக்கும் என்று நினைத்தேன்.

மறுநாள் அந்த முட்டை அட்டையோடு பண்ணைக்குப் போனேன். மரகதம் அம்மா வாசல் கேட்டுக்கே வந்து, “வாங்க, வாங்க” என்று உபசரித்தார். மோர் கொண்டுவரச் சொன்னார். மோர் கொண்டுவந்தவர் புது ஆள். நான் நின்றபடியே சொன்னேன். “அம்மா, அன்னைக்கு மேளச் சத்தத்துல உங்களுக்குக் கேக்காமப் போகலை. ஷெட்டுச் சத்தம் உங்க போன்ல வரவே இல்லை. காலைல நான் வெச்ச செட்டிங்னால அது வாயடைச்சுக் கிடந்தது. சந்தேகம் வந்துதான் ஓடி வந்தேன்.”

அவர் கத்தவில்லை. பக்கத்தில் கிடந்த கட்டிலில் உட்கார்ந்தார்.

“ஏனுங்க, இதை அன்னைக்கே சொல்லியிருக்கலாமுல்ல?”

“சொல்லியிருக்கணும்மா.”

“முனியப்பனை அனுப்பிட்டேனுங்க.”

எனக்கு மோர் டம்ளரை எங்கே வைப்பது என்று தெரியவில்லை.

“முந்நூறு கோழி போனதுகூடப் பரவால்லீங்க. ஒம்பது வருசமா இங்கயே கெடந்த மனுசன். நாந்தான் கண்ணால மண்டபத்துல இருந்தேன், சத்தத்துல எனக்குக் கேக்கல, நீ இங்கயே இருந்துக்கிட்டு எங்கடா படுத்துத் தூங்குனேன்னு நாலு ஆளு முன்னாடி கேட்டுப்போட்டேன். தூங்கலீங்கம்மா, லோடு ஏத்திட்டு இருந்தேன்னு ஒருக்காச் சொன்னான். நான் காதுலயே வாங்கல. அப்பறம் தலையைக் குனிஞ்சுக்கிட்டு நின்னுட்டான். மக்காநாளே சாமானைத் தூக்கிட்டுப் போயிட்டாங்க.”

கரண்ட் போனால் போன் அலறும், அவர் முனியப்பனைக் கூப்பிடுவார், முனியப்பன் ஓடுவார். இதுதான் அந்தப் பண்ணையின் ஏற்பாடு. ஒன்பது வருஷத்தில் ஒருமுறைகூட அவர் ஓடத் தவறியதில்லை. அன்றைக்கும் கூப்பிட்ட நிமிஷமே ஓடினார். கூப்பிடாமல் போனதற்குக் காரணம் நான். ஆனால் சபையில் சாமி ஆனவன் நான், தூங்குமூஞ்சி ஆனவர் அவர்.

என் முன்னாலேயே அவருக்குப் போன் போட்டார். ஸ்பீக்கரில் வைத்தார். “முனியப்பா, தப்பு எம்மேலதான் சாமி. வந்துரு. ஊடு அப்படியேதான் கெடக்குது.” தறி வேலைக்குப் போய்விட்டார் போல, அந்தப் பக்கம் தறிச் சத்தம் கேட்டது. “பாக்கறேம்மா” என்று ஒரு குரல் வந்தது. வரமாட்டேன் என்பதை மரியாதையாகச் சொன்ன குரல் அது. மரகதம் அம்மா போனை வைத்துவிட்டு என்னிடம் நீட்டினார்.

“அந்த செட்டிங்கு எங்க இருக்குதுன்னு எனக்கே காட்டிக் குடுத்துருங்க. இனி நானே பாத்துக்கறேன்.”

காட்டிக் கொடுத்தேன். ஒரு தடவையில் பிடித்துக்கொண்டார். அதற்குப் பிறகு அவர் நம் கடைக்கு வரவில்லை, முட்டையும் வரவில்லை. அதில் எனக்கு வருத்தம் இல்லை, நிம்மதிதான்.

நீங்கள் கேட்கலாம், இதோடு உங்கள் வேலை முடிந்துவிட்டதே, உண்மையைச் சொல்லிவிட்டீர்களே என்று. நானும் அப்படித்தான் நினைத்துக்கொண்டு வண்டியை எடுத்தேன். கடை வருவதற்குள்ளேயே தெரிந்துவிட்டது, நான் சொன்னது சொல்ல வேண்டியவரிடம் இல்லை.

ஞாயிற்றுக்கிழமை குமாரபாளையம் போனேன். மரகதம் அம்மாவிடம் போனில் விலாசம் கேட்டு வாங்கியிருந்தேன். விசைத்தறிக் கூடத்துக்குப் பின்னால் ஒரு லைன் வீடு. ஞாயிறு என்றாலும் நாலைந்து தறி ஓடிக்கொண்டிருந்தது. முனியப்பன் வெளியே வந்தார். என்னைவிட ஒல்லி, என்னைவிட நரை. யார் என்று சொன்னேன். என்ன செய்தேன் என்றும் சொன்னேன். தறிச் சத்தத்தில் மெதுவாகச் சொல்ல வழியில்லை, ஒவ்வொரு வார்த்தையையும் கத்தித்தான் சொல்ல வேண்டியிருந்தது.

கோபப்படுவார் என்று எதிர்பார்த்தேன். அவர் தரையைப் பார்த்துக்கொண்டு சொன்னார்.

“விடு சார். நானும் லோடு ஏத்தறப்ப ஒரு வாட்டி ஷெட்டுப் பக்கம் எட்டிப் பாத்திருக்கலாம். அதையேதான் இத்தனை நாளா நெனச்சுக்கிட்டு இருக்கேன்.”

“உங்களைக் கூப்பிட வேண்டிய போனை நான்தாங்க நிறுத்தி வெச்சேன். நீங்க எட்டிப் பாக்க வேண்டிய ஏற்பாடே அங்க இல்லை.”

“இருக்கட்டும் சார்.” கொஞ்சம் தயங்கினார். “பண்ணைக்குத் திரும்பிப் போற மாதிரி இல்ல. இங்க பழகிடுச்சு. ஆனா ஒண்ணு. இதை என்கிட்ட சொல்லி என்னா சார் ஆவப் போவுது? உள்ள இருக்குது பாரு, அதுகிட்ட சொல்லு. நான் தூங்கினதால தான் வீடு போச்சுன்னு அதுவும் நெனச்சுக்கிட்டுக் கெடக்குது. நான் எத்தினி வாட்டி சொல்லியும் நம்பல.”

உள்ளே அவர் மனைவி சாந்தி, தறி நாடாவுக்குள் போடும் தார் என்ற சின்னக் குச்சியில் மெஷின் வைத்து நூல் சுற்றிக்கொண்டிருந்தார். மெஷினை நிறுத்தவில்லை, என்னை நிமிர்ந்தும் பார்க்கவில்லை. வாசற்படியில் நின்று சொன்னேன். போன் அடிக்கவில்லை, அதற்கு நான் காரணம், உங்கள் வீட்டுக்காரர் தூங்கவில்லை, கூப்பிட்ட நிமிஷம் ஓடினார், அவர் ஓடியதால்தான் மீதிக் கோழி பிழைத்தது.

அந்த அம்மாள் மெஷினை அணைத்தார்.

“இன்னொரு வாட்டி சொல்லு சார். சத்தத்துல சரியா உழல.”

இன்னொரு தடவை சொன்னேன். முழுவதையும் கேட்டார். எழுந்து வந்து என்னைத் தாண்டி வாசலில் எட்டிப் பார்த்து, தண்ணீர்க் குழாயடியில் குடத்தோடு நின்ற மகளைக் கூப்பிட்டார். பதினொன்றாம் வகுப்புப் படிக்கிற பெண். பழகிய பள்ளிக்கூடத்தை விட்டு மாற வேண்டி வந்ததில் அப்பாவிடம் பேசுவதையே நிறுத்தியிருந்தது என்று பிறகு தெரிந்தது. குடத்தைக் கீழே வைத்துவிட்டு வந்து நின்றது. முனியப்பன் வேறு பக்கம் திரும்பிக்கொண்டார். சாந்தி மகளின் தோளைப் பிடித்து எனக்கு நேராக நிறுத்தினார்.

“இப்ப இதுகிட்ட சொல்லு சார்.”

மூன்றாவது தடவையாக, முதலிலிருந்து சொன்னேன்.